செயலாளர் ஆண்டறிக்கை: அச்சாணியும் மூணு சாவியும்

தலைவர் ஐயாவுக்கும் பொருளாளர் அம்மாவுக்கும் நம்ம கதை வட்டத்து உறுப்பினர்கள் எல்லாருக்கும் வணக்கம். இன்னைக்கு வர முடியாதவங்களுக்கும் இதை அனுப்பி வைக்கிறேன், தயவுசெஞ்சு முழுசா படிங்க.

மாசக் கூட்டம் ரெண்டு மாசம் தவிர மத்த எல்லா மாசமும் நடந்துச்சு. புதுசா எழுத வர்றவங்களுக்கு ஒரு நாள் பயிற்சி வச்சோம், நல்லபடியா முடிஞ்சுது. பழைய கதைகளை வரிசைப்படுத்தி ஃபைல்ல போட்டாச்சு. அலமாரிக்குப் பூட்டு மாத்தியாச்சு.

இனி அச்சாணி விஷயம். இந்த வருஷம் என் நேரம் முக்கால்வாசி இதுக்குத்தான் போச்சு, அதனால கொஞ்சம் நீளமாவே சொல்றேன். புதுசா சேர்ந்தவங்களுக்காக முதல்லேருந்து வரேன். நாம எல்லாரும் சேர்ந்து எழுதுற உலகம் கலைஞ்சு போகாம பிடிச்சு நிக்கிற மந்திரக் கருவிதான் அச்சாணி. ஒரு சாண் நீளம், கறுப்பு உலோகம், சுத்தி 12 பல்லு, கல் கிணத்தோட அடியில இறங்கி நிக்குது. ஒரு பல்லு நழுவினா சின்னச் சின்ன விஷயம்தான் முதல்ல பிசகும், கதவைச் சாத்தறதுக்கு முன்னாடியே சாத்தின சத்தம் கேக்கும், உக்காந்திருக்கிறவரோட நிழல் மட்டும் எந்திரிச்சு நிக்கும். மூணு பல்லு நழுவிட்டா நேத்து நடந்தது நடக்காததாயிடும். திருப்பி இறுக்கணும்னா யாராவது கை வைக்கணும், கை வச்சவங்களுக்கு ஒரு ஞாபகம் போயிடும், எது போச்சுன்னு அவங்களுக்கே தெரியாது, கூட இருக்கிறவங்கதான் கண்டுபிடிச்சுச் சொல்லணும்.

இந்த விதியெல்லாம் வாய்ப்பேச்சாவே இருந்துச்சு, அதை கையேடா எழுதறேன்னு போன வருஷம் நான்தான் பொறுப்பெடுத்தேன். கூடவே ஒரு நோட்டும் போட்டேன், எந்தக் கதையில யாரு எத்தனை பல்லு திருப்பினாங்க, அதுக்கு என்ன ஞாபகத்தை இழந்தாங்கன்னு கதை வந்த வரிசையில எழுதி வைக்க. ஜூன் மாசம் நானே ஒரு தப்பு பண்ணேன், அதை மறைக்க விரும்பல. அந்த மாசம் வந்த ரெண்டு கதையிலயும் அச்சாணி நாலாவது பல்லுலேருந்து அஞ்சுக்குப் போனதா ஒரே மாதிரி பதிஞ்சுட்டேன், அதனால ஒரே ஆறு ஒரு கதையில கிழக்கே ஓடுது, இன்னொண்ணுல மலையைப் பாத்து மேல ஏறுது. ரெண்டையும் எழுதினவங்க மேல ஒரு குத்தமும் இல்ல, பாவம், நோட்டைப் பாத்துத்தான் எழுதினாங்க. நான் எழுதினதை சரிபார்க்க ஆள் இல்ல, அதான் நடந்தது.

மந்திரக் கருவிக்கு எதுக்கு இத்தனை சட்டம், சுதந்திரமா எழுத விட மாட்டேங்கறீங்கன்னு ஒரு உறுப்பினர் சொன்னாரு. அவரோட கதையில நாயகன் அச்சாணியைப் பிடுங்கிக் கடல்ல எறிஞ்சுட்டு வீட்டுக்குப் போய் தூங்கறான், யாருக்கும் ஒண்ணும் ஆகல. அதை நான் திருப்பி அனுப்பினேன், அவர் கோவிச்சுக்கிட்டு கூட்டத்துக்கு வர்றதில்ல. மன வருத்தம்தான், ஆனா இன்னைக்கும் அதே முடிவைத்தான் எடுப்பேன். தொட்டா ஒண்ணுமே ஆகாதுன்னா அது ஆபத்தான கருவியே இல்ல, அதைக் காக்கறவங்க உசுரைக் குடுக்கறதுக்கும் அர்த்தமில்லாம போயிடும்.

கையேட்டுக்காக நிஜத்துல நடந்ததைத்தான் நிறைய படிச்சேன். அமெரிக்காவுல அணுகுண்டு செஞ்ச லாஸ் அலமோஸ் ஆய்வுக்கூடத்துல, குண்டுக்காகச் செஞ்ச 6.2 கிலோ புளுட்டோனியம் உருண்டை ஒண்ணு இருந்துச்சு. சில பொருளை அதைச் சுத்தி ரொம்ப நெருக்கி வச்சா அணு வினை கிளம்பி, ஆளைக் கொல்ற கதிர்வீச்சு பாயும். 1945 ஆகஸ்ட் 21 ராத்திரி ஹாரி டாக்லியன்ங்கற விஞ்ஞானி, ஒரு காவலாளி தவிர யாரும் இல்லாத நேரத்துல, அதைச் சுத்தி டங்ஸ்டன் கார்பைடுங்கற கனமான பொருளோட கட்டிகளை அடுக்கிட்டிருந்தாரு. ஒரு கட்டி கை தவறி உருண்டை மேல விழுந்துச்சு, கதிர்வீச்சு பட்டு 25 நாள்ல இறந்துட்டாரு. அதே உருண்டை, 1946 மே 21, லூயிஸ் ஸ்லோட்டின்ங்கற இன்னொரு விஞ்ஞானி, அதுக்கு மேல வச்ச பெரிலியம் உலோக மூடி முழுசா மூடிக்காம இருக்க ஒரு ஸ்க்ரூடிரைவரை இடுக்கில விட்டுப் பிடிச்சிருந்தாரு. ஸ்க்ரூடிரைவர் நழுவி, நீல வெளிச்சம் ஒண்ணு அடிச்சுது. வெறுங்கையால மூடியைத் தட்டி விட்டாரு, ஒன்பதே நாள்ல போயிட்டாரு, அறையில இருந்த மத்த ஏழு பேரும் அப்போ தப்பிச்சாங்க. அதுக்கப்புறம்தான் கையால செய்யறதை நிறுத்திட்டு தூரத்துலேருந்து இயக்க ஆரம்பிச்சாங்க. ஒரு ஸ்க்ரூடிரைவர் அகலம்தான் நடுவுல இருந்துச்சுன்னு படிச்சப்போ கையேட்டை மூடி வச்சுட்டு ரொம்ப நேரம் உக்காந்திருந்தேன்.

இன்னொண்ணு, கிலோகிராம். உலகத்துக்கே அளவா 1889லேருந்து ஒரு பிளாட்டினம் இரிடியம் உருளை பாரிஸ் பக்கத்துல செவ்ருங்கற ஊர்ல பூட்டி இருந்துச்சு, அந்தப் பெட்டகத்தைத் திறக்க மூணு சாவி, மூணும் வேற வேற ஆள்கிட்ட. அப்படிக் காத்தும் நூறு வருஷத்துல அதுக்கும் அதோட நகல்களுக்கும் நடுவுல சுமார் 50 மைக்ரோகிராம் வித்தியாசம் வந்துடுச்சு. எது மாறுச்சு, உருளையா நகலான்னு சொல்ல வழியில்ல, ஏன்னா அளவே அதுதான். 2019 மே 20லேருந்து உருளையை விட்டுட்டு, இயற்பியல்ல என்னைக்கும் மாறாத ஒரு எண்ணான பிளாங்க் மாறிலியை வச்சு கிலோவைக் கணக்கிடறாங்க. நம்ம அச்சாணியும் அப்படித்தான். அது லேசா நழுவினா அதுவா உலகமான்னு கேக்க வெளியில ஒரு இடம் கிடையாது. அதனால கையேட்டுல முதல் விதியா போட்டிருக்கேன்: கிணத்துக்கு மூணு பூட்டு, மூணு ஆள், தனியா யாரும் இறங்கக்கூடாது.

சந்தா விஷயத்துக்கு வரேன். பாதிப் பேருக்கு மேல இந்த வருஷச் சந்தா பாக்கி, சிலருக்குப் போன வருஷமும் சேர்த்து. பெயர் சொல்ல மாட்டேன், மூணு தடவை மெசேஜ் போட்டும் பாத்துட்டு பேசாம இருக்கிறது மனசுக்குக் கஷ்டமா இருக்கு. கூட்டத்துக்கு ஆறு பேரு வந்தா பெரிசு, ஆனா கதை வெளிவந்ததும் பெயர் விட்டுப் போச்சுன்னு போன் மட்டும் வருது. கணக்கு, பொருளாளர் அம்மா சொன்னபடி, வரவுக்கும் செலவுக்கும் ஏறக்குறைய சரியா இருக்கு, கையிருப்பு கொஞ்சம் இருக்கு, கையேட்டு அச்சுச் செலவுல ஒரு பகுதி நான் போட்டது, அதை இப்போ கேக்கல.

தலைவர் ஐயாவுக்கும், இடம் குடுத்தவங்களுக்கும், டைப் பண்ணிக் குடுத்த தம்பிக்கும், நடந்த கூட்டத்துக்கெல்லாம் தவறாம வந்த அந்த ஆறு பேருக்கும் நன்றி.

அடுத்த வருஷம் கையேட்டோட ரெண்டாம் பாகம் இருக்கு, அச்சாணியைச் செஞ்சது யாருன்னு இன்னும் நாம முடிவே பண்ணல. நான் தொடர்ந்து இருக்கலாமா வேண்டாமான்னு உறுப்பினர்கள்தான் சொல்லணும். இருந்தாலும் தனியா நோட்டு எழுத என்னால இனி முடியாது. ஜூன் மாசத் தப்பை நானா கண்டுபிடிக்கல, ஒரு புது உறுப்பினர் பொண்ணு படிச்சுட்டுக் கேட்டதாலதான் தெரிஞ்சுது. நோட்டையும் கிணத்து மாதிரியே மூணு ஆள் காக்கணும், அந்த மூணு சாவியில ஒண்ணு என்கிட்ட இருக்கு, மத்த ரெண்டுக்கும் இன்னைக்குக் கூட்டம் முடியறதுக்குள்ள யாராவது பெயர் குடுங்க. நோட்டு மேசை மேலதான் இருக்கு, கடைசி ரெண்டு பக்கத்தை மட்டும் பாத்துட்டுச் சொன்னாக்கூட போதும்.