மூன்று மாதச் சம்பளத்தை முதலில் கட்டச் சொல்லுங்கள்

ஃபிபா எனப்படும் சர்வதேசக் கூடைப்பந்துக் கூட்டமைப்பின் பொதுச்செயலாளருக்கும் நிர்வாகக் குழுவினருக்கும்,

வணக்கம்.

போன செவ்வாய்க்கிழமை இரவு இன்ஸ்டாகிராமில் ஒரு படம் பார்த்தேன். நீலச் சுவர். அதன் முன்னால் ஜெர்சியைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும் இரண்டு அமெரிக்கப் பையன்கள். நடுவில் கிளப் மேலாளர். கிளப்பின் பெயரும் லோகோவும் எனக்குப் புதிது. அந்தச் சுவர் எனக்குத் தெரியும். ஏசி தண்ணீர் ஒழுகி இடது ஓரத்தில் பெயின்ட் உரிந்திருக்கும். அதன் கீழேதான் இரண்டு சீசன் என் பிசியோ டேபிள் கிடந்தது. மேலாளரையும் தெரியும். சம்பளத் தகராறுகளைத் தீர்க்கும் உங்கள் கூடைப்பந்து நடுவர் மன்றம் ஒரு வீரருக்குக் கொடுக்கச் சொன்ன பணத்தில் ஒரு டாலர்கூடக் கொடுக்காமல், கிளப்பையே கலைத்துவிட்டுப் போனவர் அவர். இன்று வேறு பெயர்ப்பலகை மாட்டி, அதே கட்டடத்தில் புது ஆட்களை எடுத்துக்கொண்டிருக்கிறார்.

அந்தப் படம்தான் என்னை இந்த மடலை எழுத வைத்தது. கேட்பது ஒன்றே ஒன்று. வெளிநாட்டு வீரரைப் பதிவு செய்ய விரும்பும் எந்த கிளப்பும், அவருடைய மூன்று மாதச் சம்பளத்தை முன்கூட்டியே தன் நாட்டுக் கூட்டமைப்பிடமோ உங்களிடமோ வைப்பாகக் கட்ட வேண்டும். கட்டாத கிளப்புக்குப் பதிவு கிடையாது என்று விதி செய்யுங்கள்.

நான் தேனி மாவட்டத்துக்காரன், பிசியோதெரபிஸ்ட். மேற்காசிய நாடு ஒன்றில் ஒரு கிளப்புக்கு வேலைக்குப் போனேன். நாட்டின் பெயரையும் கிளப்பின் பெயரையும் இங்கே எழுதவில்லை. உங்கள் கோப்பில் இருக்கிறது. நான் சொல்லப்போகும் வீரரின் பெயரையும் எழுதவில்லை, அவர் கேட்டுக்கொண்டதால்.

அவர் அமெரிக்கர். அப்போது 33 வயது. பதினொன்றாவது சீசன், எட்டாவது நாடு. அமெரிக்காவின் பெரிய லீக்கான என்.பி.ஏ. பக்கமே போனதில்லை. கல்லூரி முடித்ததும் ஃபின்லாந்து, பிறகு போர்ச்சுகல், உருகுவே, இந்தோனேசியா என்று வருடத்துக்கு ஒரு ஊர், சில வருடம் இரண்டு ஊர். இரண்டு பெட்டிதான் அவர் வீடு. ஒன்றில் துணி. இன்னொன்றில் ஷூ, ஏனென்றால் 15 சைஸ் ஷூ எங்கள் ஊர் மாதிரியே அந்த ஊரிலும் கிடைக்காது. ஒரு ஷூவின் அடிப்பாகம் பிய்ந்தபோது செருப்புத் தைக்கிறவரிடம் கொடுத்து ஒட்டி வாங்கி, அதைப் பயிற்சிக்கு வைத்துக்கொண்டு, நல்லதை மேட்சுக்கு வைத்துக்கொண்டார். வெளியே இருந்து பார்க்கிறவர்களுக்கு இவர்கள் டாலரில் சம்பாதிக்கிறவர்கள். சீசன் ஏழெட்டு மாதம்தான், மிச்ச மாதம் சம்பளம் இல்லை, முப்பத்தைந்து தாண்டினால் கூப்பிட ஆள் இல்லை என்பதெல்லாம் கூட இருந்து பார்த்தால்தான் தெரிகிறது.

என்னை "டாக்" என்றுதான் கூப்பிடுவார். டாக்டர் இல்லை என்று பத்து முறை சொல்லியிருப்பேன். "என் முட்டியைப் பார்த்துக்கிறது நீதானே" என்பார்.

ஜனவரியில் அந்த முட்டிதான் போனது. வளையத்தில் பட்டுத் திரும்பும் பந்தைப் பிடிக்க எகிறி, இறங்கும்போது எதிரணிக்காரரின் பாதத்தின் மேல் இறங்கிவிட்டார். ஸ்கேனில் ஜவ்வு லேசாகக் கிழிந்திருந்தது, நாங்கள் மெனிஸ்கஸ் என்று சொல்வது. ஆபரேஷன் தேவையில்லை, ஐந்து வாரம் ஒழுங்காகப் பார்த்தால் ஆடலாம் என்றார் எலும்பு டாக்டர். ஆட்டத்தில் அடிபட்டால் சம்பளம் நிற்காது என்று ஒப்பந்தத்தில் தெளிவாக இருந்தது. டிசம்பர் சம்பளமே அப்போது வந்திருக்கவில்லை என்பது வேறு விஷயம்.

நான்காம் நாள் மேலாளர் என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். டைப் செய்த காகிதம் ஒன்று மேஜைமேல் தயாராக இருந்தது. இந்த முட்டிக் காயம் பழையது, இங்கே வருவதற்கு முன்பே இருந்தது, வீரர் மறைத்துவிட்டார் என்று எழுதியிருந்தது. கீழே என் பெயர், கையெழுத்துக்குக் கோடு. செப்டம்பரில் அவர் வந்து இறங்கியபோது அந்த முட்டியைச் சோதித்து, வீக்கம் இல்லை, வலி இல்லை, அசைவு முழுமை என்று என் கையாலேயே எழுதிய அறிக்கை அதே அலமாரியில் இருந்தது. "நான் எழுதினதை நானே எப்படி மாத்த முடியும்?" என்று கேட்டேன். "நீ இருக்கறது எங்க விசாவுலங்கறத மறந்துடாதே" என்றார். சத்தம் போடவில்லை. தேநீர்கூடக் கொடுத்தார்.

நான் கையெழுத்துப் போடவில்லை. அதனால் மேலாளருக்குப் பெரிதாக ஒன்றும் ஆகிவிடவில்லை. காயத்தைக் காரணம் காட்டி, ஒப்பந்தம் முடிந்தது என்று ஒரு பக்கக் கடிதம் வீரரின் கைக்கு வந்தது.

அடுத்த ஐந்து வாரத்தைத்தான் நீங்கள் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

ஊருக்குப் போக டிக்கெட் கிளப்தான் எடுத்துத் தர வேண்டும், எடுக்கவில்லை. பயிற்சிக்கூடத்தின் சாவியைப் பிடுங்கிக்கொண்டார்கள். மூன்றாவது மாடி ஃபிளாட்டில் மின்கட்டணம் கட்டாததால் கரன்ட் போனது. கீழே மீன்கடையில் ஐஸ் வாங்கி, பிளாஸ்டிக் பையில் கட்டிக்கொண்டு தினமும் சாயங்காலம் மேலே போவேன். வராந்தாவில் பாய் விரித்து உட்கார்ந்திருப்பார். முட்டிக்குக் கீழே துண்டைச் சுருட்டி வைத்து, தொடையை இறுக்கி, பத்து வரை எண்ணி விடுவார். மீன் வாடை அடிக்கிற ஐஸ். ஒரே ஒரு நாளைத் தவிர பயிற்சியை விடவில்லை. ராத்திரிச் சாப்பாடு எங்கள் ஸ்டாஃப் ரூமில். எங்கள் மலையாளிச் சமையல்காரர் அவருக்கென்று ஒரு கிண்ணம் ரசம் தனியாக எடுத்து வைப்பார். சாப்பிட்டு முடித்து நடுராத்திரி வரை விழித்திருப்பார், அப்போதுதான் அங்கே மகள் பள்ளிக்கூடம் விட்டு வருவாள். அடுத்த மேட்ச் எப்போது என்று அவள் கேட்பாள். அவர் ஒரு தேதி சொல்வார். இரண்டு முறை நான் பக்கத்தில் இருந்தேன். இரண்டு முறையும் வெவ்வேறு தேதி.

நான்காவது வாரம் அவருக்கு ஒரு கதவு திறந்தது. வேறொரு நாட்டு கிளப், சீசனின் கடைசி இரண்டு மாதத்துக்கு ஆள் கேட்டது. முட்டி தயாராகிக்கொண்டிருந்தது, நான் வீடியோ எடுத்து அனுப்பினேன், அவர்களுக்குச் சம்மதம். நாடு விட்டு நாடு மாற உங்கள் விதிப்படி கிளியரன்ஸ் லெட்டர், அதாவது பழைய நாட்டுக் கூட்டமைப்பின் அனுமதிக் கடிதம் வேண்டும். வீரர் இன்னும் ஒப்பந்தத்தில் இருக்கிறார் என்ற ஒரே காரணத்துக்காக மட்டும்தான் அதை மறுக்கலாம் என்பதும் உங்கள் விதிதான். எங்கள் கிளப் என்ன செய்தது தெரியுமா? இவர் இன்னும் எங்கள் ஒப்பந்தத்தில்தான் இருக்கிறார் என்று தன் கூட்டமைப்புக்கு எழுதிக் கொடுத்தது. ஒப்பந்தம் முடிந்தது என்று அவர் கையில் ஒரு கடிதம். ஒப்பந்தத்தில் இருக்கிறார் என்று கூட்டமைப்பின் கையில் இன்னொரு கடிதம். இரண்டிலும் ஒரே கையெழுத்து. அதைச் சுட்டிக்காட்டி மெயில் போட்டு, பதில் வாங்கி, மறுபடி மெயில் போடுவதற்குள் அந்த நாட்டில் வீரர்களைப் பதிவு செய்யும் கடைசி நாள் முடிந்துவிட்டது. அன்றைக்கு மட்டும் அவர் உடற்பயிற்சி செய்யவில்லை. ஐஸ் பை கரைந்து வராந்தா முழுக்கத் தண்ணீர். கடைசியில் அவருடைய அக்கா டிக்கெட் எடுத்து அனுப்பினார்.

உங்கள் நடுவர் மன்றத்தைக் குறை சொல்ல நான் வரவில்லை. 2007இல் நீங்கள் அதைத் தொடங்கியதே இப்படிப்பட்டவர்களுக்காகத்தான். எந்த நாட்டுச் சட்டம் என்று மல்லுக்கட்டாமல், நியாயம் எதுவோ அதன்படி ஒரே நடுவர் தீர்ப்புச் சொல்கிறார் என்பது பெரிய விஷயம். எங்கள் வீரருக்கும் நியாயமான தீர்ப்பே கிடைத்தது. ஆனால் அந்தத் தீர்ப்பு வரைக்கும் போய்ச் சேர ஆன செலவைப் பாருங்கள். மனு போட்டாலே திரும்ப வராத கட்டணம். அதற்கு மேல் நடுவர் செலவுக்கு முன்பணம், இரு தரப்பும் பகிர்ந்து கட்ட வேண்டும். கிளப் தன் பங்கைக் கட்டாது. அப்போது வழக்கு நகர வேண்டுமென்றால் அந்தப் பங்கையும் வீரரே கட்டியாக வேண்டும். உள்ளூர் மொழியில் இருந்த காகிதங்களை ஆங்கிலத்தில் மொழிபெயர்க்கும் செலவும் அவர் தலையில். சம்பளம் வராதவர், சம்பளம் கேட்பதற்காகத் தன் காரை விற்றார்.

ஜெயித்தார். பணம் வரவில்லை. புது வீரர்களைப் பதிவு செய்யக்கூடாது என்று கிளப்புக்குத் தடை வந்தது. கிளப் தன்னைக் கலைத்துக்கொண்டது. தீர்ப்பை, வெளிநாட்டு நடுவர் தீர்ப்புகளை ஏற்கச் சொல்லும் நியூயார்க் உடன்படிக்கையின்படி அந்த நாட்டு நீதிமன்றத்தில் அமல்படுத்தலாம் என்கிறார்கள். அதற்கு அங்கே ஒரு வக்கீலை வைக்க வேண்டும். யாரிடமிருந்து வசூலிப்பது? கிளப்பின் பெயரில் இன்று ஒரு நாற்காலிகூட இல்லை.

பணம் கையை விட்டுப் போன பிறகு தீர்ப்பு எவ்வளவு நல்லதாக இருந்தாலும் அது ஒரு காகிதம். அதனால்தான் மறுபடியும் கேட்கிறேன்: ஜெர்சியைக் கொடுத்துப் படம் எடுக்கும் முன்னால் மூன்று மாதச் சம்பளத்தைக் கட்டச் சொல்லுங்கள். மூன்று மாதச் சம்பளம் கட்ட வக்கில்லாத கிளப், எட்டு மாதச் சம்பளம் எப்படித் தரும்?

இது முடியாத காரியம் என்று சொல்லிவிடாதீர்கள். கால்பந்தில் அதன் உலகக் கூட்டமைப்பான ஃபிஃபா 2020இல் வீரர்கள் சங்கத்தோடு சேர்ந்து, சம்பளம் கிடைக்காத ஆட்டக்காரர்களுக்கென்றே 1 கோடியே 60 லட்சம் டாலரில் ஒரு நிதி ஒதுக்கியது. கூடைப்பந்து அதைவிட ஏழை விளையாட்டா என்ன? 2027 உலகக் கோப்பையை தோஹாவில் நடத்தப் போகிறீர்கள். மேற்காசியாவில் இந்த விளையாட்டு வளரட்டும், எனக்கு அதில் மகிழ்ச்சிதான். அதன் வெளிச்சம் அந்த வராந்தா வரைக்கும் வர வேண்டும் என்று கேட்கிறேன்.

எங்கள் பெரியகுளத்தில் ஒவ்வொரு மே மாதமும் அகில இந்தியப் போட்டி நடக்கும். சில்வர் ஜூபிலி கிளப் நடத்துவது. ஐ.ஓ.பி., கடற்படை அணியெல்லாம் வந்து ஆடும். சின்ன வயதில் அந்த கேலரியில் உட்கார்ந்துதான் இந்த விளையாட்டின் மேல் எனக்குப் பைத்தியம் பிடித்தது. கடைசி நாள் ராத்திரி ஃபைனல் முடிந்ததும் ஊரே பார்த்துக்கொண்டிருக்க, அதே கோர்ட்டில் கோப்பையும் பரிசுப் பணமும் கொடுத்துவிடுவார்கள். அடுத்த மாதம் பார்க்கலாம் என்ற பேச்சே கிடையாது. ஒரு சின்ன ஊர் செய்வதைத்தான் உலகக் கூட்டமைப்பிடம் கேட்கிறேன்.

வெளிநாடு போய் ஆடுவதையே நான் குறை சொல்வதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். என்.பி.ஏ.வில் ஆடிய அமெரிக்கர் மார்பரி சீனாவுக்குப் போய் பெய்ஜிங் அணிக்கு 2012, 2014, 2015 என்று மூன்று பட்டம் வாங்கித் தந்தார். பிலிப்பைன்ஸ் லீக்குக்கு வெளிநாட்டு வீரராகப் போன அமெரிக்கர் பிரௌன்லீ அந்த நாட்டுக் குடிமகனாகி, 2023இல் ஹாங்சோ ஆசியப் போட்டியில் அவர்களுக்குத் தங்கம் வென்று கொடுத்தார். தெற்கு ரயில்வேயில் இருந்த கீது அன்னா ஜோஸ் ஆஸ்திரேலியாவில் ரிங்வுட் அணிக்கு ஆடினார். இந்திய அணியின் அம்ரித்பால் சிங் அங்கேயே சிட்னி கிங்ஸுக்கு ஆடினார். இதையெல்லாம் பார்த்துவிட்டு எங்கள் பக்கத்துப் பையன்கள் ஏஜென்ட்களுக்கு வீடியோ அனுப்பிக்கொண்டிருக்கிறார்கள். போன மாதம் கல்லூரி மாணவன் ஒருவன் ஒப்பந்தத்தை போனில் காட்டி, "அண்ணே, கையெழுத்துப் போடலாமா?" என்று கேட்டான். ஃபிபா நடுவர் மன்றம் என்ற பிரிவு அதில் இருந்தது. அவன் அப்பா அதைப் பார்த்துவிட்டு, பெரிய இடம் இருக்கிறது, பயமில்லை என்று நம்பிக்கொண்டிருந்தார். உங்கள் பெயர் ஒரு காகிதத்தில் இருப்பதை ஒரு தகப்பன் இப்படித்தான் படிக்கிறார். அதனால்தான் இந்த மடலைத் தமிழில் எழுதுகிறேன். உங்களுக்கு ஆங்கிலப் பிரதி தனியாக வரும்.

எனக்கும் இரண்டு மாதச் சம்பளம் பாக்கி. என் ஒப்பந்தத்தில் உங்கள் மன்றத்தின் பெயர் இல்லாததால் நான் கேட்க இடமில்லை. அதை இங்கே வளர்க்கவில்லை. பிசியோ, பந்து பொறுக்கிப் போடுகிற பையன், சமையல்காரர் என்று இந்த அணிகளைச் சுமக்கிறவர்களைப் பற்றி யோசிக்க உங்களுக்கு ஒரு நாள் நேரம் கிடைத்தால் நல்லது.

இப்போதைக்கு வேண்டுவது இவ்வளவுதான். அடுத்த சீசனுக்கான பதிவு தொடங்கும் முன் மூன்று மாதச் சம்பள வைப்பைக் கட்டாயமாக்குங்கள். அதே ஆள், அதே கட்டடம், வேறு பெயர் என்று வருகிற கிளப்பிடம் பழைய தீர்ப்பின் பாக்கியை வசூலித்துவிட்டுப் பதிவு கொடுங்கள். அந்த நீலச் சுவரின் முன்னால் நிற்கும் இரண்டு பையன்களுக்கும் இதற்கு முன் அங்கே என்ன நடந்தது என்பதை உங்கள் அலுவலகத்திலிருந்தே யாராவது ஒருவர் சொல்லுங்கள். தயவுசெய்து இந்த வாரமே சொல்லுங்கள், அவர்களுக்கு இன்னும் முதல் மாதம் முடியவில்லை.

நான் கையெழுத்துப் போடாத அந்தக் காகிதத்தை அன்றே போனில் படம் பிடித்து வைத்தேன். செப்டம்பர் அறிக்கையின் நகலும் என்னிடம் இருக்கிறது. கேட்டால் இரண்டையும் அனுப்பி வைக்கிறேன்.

பணிவுடன்,
பெரியகுளத்திலிருந்து ஒரு பிசியோ