மே 6: மாரிசன் பதிவைக் கேட்குமுன்

நண்பர்களே, வானொலிச் செய்தியாளர் ஹெர்பர்ட் மாரிசன் நினைவாக, 1937-இல் ஹிண்டன்பர்க் என்ற ஜெர்மன் வான்கப்பல் எரிந்தபோது அவர் பேசிய பதிவை அன்று எல்லாரும் கேட்கிறோம். பரவலாகக் கிடைக்கும் நகல்களில் குரல் கீச்சென்று இருக்கும். அது அவர் குரலே அல்ல. ஒலித்தட்டு வட்டில் பதியும்போது கருவி சற்று மெதுவாகச் சுழன்றதால், வழக்கமான வேகத்தில் ஓட்டும்போது பேச்சு விரைந்து வரும் கோளாறு; அவருடைய மற்ற பதிவுகளில் குரல் நல்ல கனம். ஆகவே ஒலி எடிட்டரில் வேகத்தையும் சுருதியையும் சேர்த்தே இறக்குங்கள். வேகத்தை மட்டும் குறைத்தால் கீச்சு போகாது. ஒவ்வொரு சதவீதமாக இறக்கி, மற்றப் பதிவோடு ஒப்பிட்டு நிறுத்துங்கள்.

இரைச்சல் நீக்கியைத் தயவுசெய்து தொட வேண்டாம். வெடிப்பின் அதிர்வில் வெட்டூசி (ஒலியை வட்டில் வெட்டிப் பதியும் ஊசி) வட்டைத் தோண்டிய சத்தம் பதிவில் இருக்கிறது. பொறியாளர் சார்லஸ் நெல்சன் ஊசியைத் தூக்கி மறுபடி வைத்ததால்தான் மிச்சப் பேச்சு நமக்குக் கிடைத்தது. அவரையும் நினைக்க வேண்டும்.