கராஜ் விஷயமாக மகனுக்கு

சாட்ஸ்வொர்த், டர்பன்

அன்பு மகனுக்கு,

நீ போன் செய்ததிலிருந்து வீட்டில் இதே பேச்சுதான். ஜோகன்னஸ்பர்க்கில் பெட்ரோல் ஊற்றும் கராஜ் ஒன்று கைக்கு வருகிறது, வேலையை விட்டுவிட்டு எடுத்துவிடலாமா என்று கேட்டாய். உன் அம்மா வேண்டாம் என்கிறாள். நான் அப்படிச் சொல்லவில்லை. இருபது வருடம் ஒரு கராஜில் கணக்கெழுதியவன் சொல்வதைக் கேட்டுவிட்டு முடிவு செய்.

முதலில் எந்தக் காகிதம் யார் பேரில் இருக்கிறது என்று பார். இங்கே தென்னாப்பிரிக்காவில் பெட்ரோலியப் பொருட்கள் சட்டம் 1977-இல் வந்தது. உரிமங்கள் பின்னால் வந்த திருத்தத்தில் நுழைந்தவை: இடத்துக்கு ஒன்று, விற்பவருக்கு ஒன்று. மொத்த வியாபாரம் செய்யும் எண்ணெய்க் கம்பெனி, பயிற்சிக்காக நடத்துவதைத் தவிர, சில்லறை உரிமம் வைத்துக்கொள்ள முடியாது. அதனால் பல இடங்களில் நிலம் அவர்கள் கையில், பாடுபடுவது நாம். உரிமம் உன் பேரில்தான் இருக்கும், சரி. குத்தகை முடிந்த மறுநாள் அதை வைத்துக்கொண்டு எங்கே பெட்ரோல் ஊற்றுவாய்?

என் முதலாளிக்கு அதுதான் நடந்தது. கம்பெனியின் பேர் வேண்டாம். குத்தகையைப் புதுப்பிக்க மாட்டோம் என்று ஒரு கடிதம் வந்தது. அத்தனை வருடம் அவர் சேர்த்த வாடிக்கைக்கு ஈடாக அவருக்கு ஒரு ரேண்ட்கூடக் கொடுக்கவில்லை. நேரே ஹைகோர்ட்டுக்குப் போய் வக்கீலுக்கே பணத்தைக் கரைத்தார். சட்டத்தில் 12பி என்று ஒரு பிரிவு இருப்பதை யாரும் அவருக்குச் சொல்லவில்லை. கம்பெனி ஒப்பந்தத்தில் அநியாயம் செய்கிறது என்று உரிமம் உள்ளவர் முறையிட்டால், உரிமம் கொடுக்கும் அரசாங்க அதிகாரியான கன்ட்ரோலர் இரண்டு பேரையும் நடுவரிடம் அனுப்பலாம். ஜோகன்னஸ்பர்க்கில் எம்மரென்ஷியா என்ற இடத்தில் ஒரு கராஜ்காரர் வேறு இடத்தில் சரக்கு வாங்கினார் என்று அவருடைய எண்ணெய்க் கம்பெனி ஒப்பந்தத்தை ரத்து செய்தது. கன்ட்ரோலரும் நடுவரிடம் அனுப்ப மறுத்தார். அந்த வழக்கு அரசியல் சாசன நீதிமன்றம் வரை போய், 2017-இல் கராஜ்காரர் பக்கம் தீர்ப்பானது. ஆனால் அதற்குள் எத்தனை வருடம், எவ்வளவு செலவு!

புதிய இடமாக இருந்தால் வேறு தொல்லை. பெட்ரோல் விலையை அரசாங்கம் மாதத்தின் முதல் புதன்கிழமை மாற்றுகிறது, நாம் ஒரு சென்ட் குறைக்க முடியாது. விலையில் போட்டி போட முடியாதபோது பக்கத்துக் கராஜ்காரர் என்ன செய்வார்? 'இங்கே இன்னொரு கராஜ் தேவையில்லை' என்று உன் உரிம மனுவுக்கே ஆட்சேபணை போடுவார். அப்புறம் மந்திரிக்கு மேல்முறையீடு, அதற்கு மேல் கோர்ட்டு.

இந்தியாவிலும் இந்தச் சண்டை ஓயவில்லை. அங்கே பங்க் என்கிறார்கள். அரசியல்வாதிகளுக்கு வேண்டியவர்களுக்கே பங்க் கிடைத்தது என்று புகார் கிளம்பியதும், 2002-இல் அரசாங்கம் இரண்டரை வருட ஒதுக்கீடுகளை ஒட்டுமொத்தமாக ரத்து செய்தது. நல்லது கெட்டது பார்க்காமல் எல்லாவற்றையும் தூக்கி எறியக் கூடாது என்று சுப்ரீம் கோர்ட் அந்த உத்தரவைச் செல்லாது என்றது. சந்தேகத்துக்குரிய 400-க்கும் மேற்பட்டவற்றை மட்டும் ஓய்வு பெற்ற இரண்டு நீதிபதிகளிடம் விட்டது. இப்போது பங்க் யாருக்கு என்பதைக் குலுக்கலில் எடுக்கிறார்கள். 2018-இல் வந்த விளம்பரத்தில் ஒரு வேலூர்க்காரருக்குக் குலுக்கலில் பேர் விழுந்தது. இந்தியா போனபோது அவரோடு பழகினேன். நிலத்தை அளந்தபோது விளம்பரத்தில் சொன்ன சாலைப் பகுதிக்குள் அது வரவில்லை என்றார்கள். மனிதர் கோர்ட்டுக்கு நடக்கிறார். குலுக்கலில் ஜெயித்தவர் என்று ஊரில் இன்னும் கேலி செய்கிறார்களாம்.

நீ புனித வெள்ளிக்கு மவுண்ட் எட்ஜ்கோம்ப் மாரியம்மன் கோவிலுக்கு வருவாய் அல்லவா? குத்தகைப் பத்திரத்தின் நகலைக் கையோடு கொண்டு வா. முடியும் தேதி என்ன, புதுப்பிப்பதற்கு என்ன எழுதியிருக்கிறது என்று நான் ஒரு தடவை பார்க்க வேண்டும். அதுவரை முன்பணம் எதுவும் கொடுத்துவிடாதே.

அன்புடன்,
அப்பா