நடுவுல முப்பது வருஷத்தைக் காணோமே சார்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்,

போன இதழ்ல கிட்டார்காரர் கார்லோஸ் சான்டானாவோட அமெரிக்க ராக் பேண்ட் 'சான்டானா' பத்தின கட்டுரை படிச்சேன். 1969 உட்ஸ்டாக் இசைவிழா, 'பிளாக் மேஜிக் உமன்' பாட்டு, அங்கேர்ந்து ஒரே தாவா தாவி 1999 ஹிட் 'ஸ்மூத்'. நடுவுல அவங்க என்ன கடையச் சாத்திட்டுத் தூங்கிட்டா இருந்தாங்க?

மொத மூணு ஆல்பமும் (1969, 70, 71) ஒரே குடும்பம்னு சொல்லலாம், காங்கா, டிம்பாலேஸ்னு லத்தீன் மேளமெல்லாம் அடிச்சுக் கிளப்ப கிரெக் ரோலி ஆர்கன் வாசிச்சுக்கிட்டே பாடுவாரு, மேல கார்லோஸோட கிட்டார் அழும். 'ஓயே கோமோ வா' லத்தீன் இசைக்காரர் டிட்டோ புவென்டே பாட்டுன்னு இன்னிக்கும் பல பேருக்குத் தெரியாது, அந்தளவுக்கு இவங்க பாட்டாவே ஆயிருச்சு. அப்படியே ஓட்டியிருந்தா காசு கொட்டியிருக்கும்.

ஆனா 1972ல 'காரவன்சராய்'னு நாலாவது ஆல்பம் போட்டாங்க பாருங்க, அத உங்க கட்டுரையில ஒரு வரி கூட காணோம்! சில்வண்டு சத்தத்துல ஆரம்பிச்சு சாக்ஸஃபோன் மெதுவா வரும், பத்து டிராக்ல மூணுல தான் பாட்டு, மீதியெல்லாம் வாசிப்பு. ரேடியோல போட ஒரு ஹிட் இல்ல. கேட்டுட்டு ரெக்கார்டு கம்பெனி தலைவர் கிளைவ் டேவிஸ் இது தொழில் தற்கொலைன்னாராம். பேண்டும் உடைஞ்சுது, ரோலியும் இன்னொரு கிட்டார்காரர் நீல் ஷானும் போய் 'ஜர்னி'ங்கிற பேண்ட ஆரம்பிச்சாங்க. கார்லோஸ், இங்கிலாந்து கிட்டார்காரர் ஜான் மெக்லாஃப்லினோட சேர்ந்து 1973ல ஒரு ஆல்பம் பண்ணாரு (நம்ம விக்கு விநாயக்ராம் கடம் வாசிச்ச 'சக்தி' குழுவ அப்புறம் ஆரம்பிச்சாரே, அதே மெக்லாஃப்லின் தான்).

இதுல தமாஷ் என்னன்னா 1999ல 'ஸ்மூத்' இருக்குற 'சூப்பர்நேச்சுரல்' ஆல்பத்த பண்ண வச்சதும் அதே கிளைவ் டேவிஸ் தான், எட்டு கிராமி வாங்குச்சு, ஆனா நெறைய டிராக்ல விருந்தாளிங்கள கூட்டிட்டு வந்ததுல பேண்ட் எங்கன்னு நான் தேடிக்கிட்டே இருந்தேன். 2016ல பழைய ஆளுங்க சேர்ந்து பண்ண 'சான்டானா IV' ஆல்பமும் பரவால்ல. எனக்கு 2019ல ஸ்பெயின் பாடகி பூய்க்கா பாடுன 'ஆஃப்ரிக்கா ஸ்பீக்ஸ்' தான் ஒசத்தி, அதுல பழைய வெறி இருக்கு.

இன்னொண்ணு, உட்ஸ்டாக் போட்டோவுக்குக் கீழ நீல் ஷான்னு பேர் போட்டிருக்கீங்க. அவர் வாசிச்ச மொத சான்டானா ஆல்பமே 1971ல வந்த மூணாவது தான், உட்ஸ்டாக்ல அவர் இல்ல. அடுத்த இதழ்ல திருத்திடுங்க சார்.

இப்படிக்கு,
பழைய வாசகன்