ஈனாக் வெஸ்ட்டுக்கு மட்டும் ஏன் 30 ஆண்டுகள்?

இங்கிலாந்து கால்பந்துச் சங்கத்தின் நிர்வாகிகளுக்கு,

வணக்கம். 1915-இல் ஓர் ஆட்டத்தில் சூது செய்ததாக ஈனாக் வெஸ்ட் என்ற ஆட்டக்காரர் மீது விதித்த தடையை 1945 நவம்பரில்தான் உங்கள் சங்கம் நீக்கியது. தடை விழுந்தபோது அவருக்கு வயது 29. நீங்கியபோது 59. அதைப் பற்றித்தான் இந்த மடல்.

இன்று வெஸ்ட்டின் பெயரைச் சொன்னால் அந்தத் தடை மட்டும்தான் பலருக்கும் ஞாபகம் வருகிறது. அவர் நாட்டிங்ஹாம்ஷையரின் நிலக்கரிச் சுரங்க ஊரான ஹக்னலில் பிறந்தவர். 'நாக்கர்' என்று கூப்பிடுவார்கள். அவர் ஆடிய நாட்டிங்ஹாம் ஃபாரஸ்ட் அணி 1907-இல் முதல் டிவிஷனுக்கு ஏறி வந்தது. அடுத்த சீசனில் அந்த டிவிஷனிலேயே அதிக கோல் அடித்தவர் இவர்தான். 1909 ஏப்ரலில் லெஸ்டர் ஃபாஸ் அணியை ஃபாரஸ்ட் 12-0 என்று நொறுக்கியது. ஒரே ஆட்டத்தில் மூன்று பேர் ஹாட்ரிக் அடித்தார்கள், அதில் ஒருவர் வெஸ்ட். 1910-இல் மான்செஸ்டர் யுனைடெட்டுக்குப் போனார். முதல் சீசனிலேயே லீக்கில் 19 கோல், அணிக்குச் சாம்பியன் பட்டம். சாதாரண ஆட்டக்காரர் இல்லை அவர்.

அப்புறம் 1915 ஏப்ரல் 2, புனித வெள்ளி. ஓல்ட் டிராஃபோர்டில் லிவர்பூலுடன் ஆட்டம். கீழ் டிவிஷனுக்கு இறங்கிவிடும் நிலையில் யுனைடெட் இருந்தது. யுனைடெட் 2-0 என்று ஜெயிக்கும் என ஒரு பவுண்டு கட்டினால் ஏழு பவுண்டு கிடைக்கும் என்றிருந்த பந்தயத்தில் ஏகப்பட்ட பணம் விழுந்தது. ஆட்டமும் சரியாக 2-0 என்றே முடிந்தது. நடுவில் கிடைத்த பெனால்டியை யுனைடெட் வெளியே அடித்தது. கடைசி நேரத்தில் லிவர்பூலின் ஃப்ரெட் பாக்னம் அடித்த பந்து குறுக்குக்கம்பத்தில் பட்டுத் திரும்பியபோது, சொந்த அணிக்காரர்களே அவரைத் திட்டினார்களாம். சூது நடந்தது, அதில் எனக்குச் சந்தேகமில்லை. போர் காரணமாக லீக் நிற்கப்போகிறது, சம்பளமும் நிற்கப்போகிறது என்ற பயம் அன்று ஆட்டக்காரர்களைப் பிடித்திருந்தது. அது ஒரு காரணம்தான், தப்பைச் சரியாக்கிவிடாது.

1915 டிசம்பரில் இரண்டு கிளப்களிலும் சேர்த்து ஏழு பேருக்குத் தடை விதித்தீர்கள். யுனைடெட்டின் மூவரில் சாண்டி டர்ன்புல்லும் ஆர்தர் வேலியும் அந்த ஆட்டத்தில் ஆடவே இல்லை, வெஸ்ட் மட்டும்தான் ஆடினார். ஆடுவதற்கு மட்டுமல்ல, எந்தக் கால்பந்து மைதானத்துக்குள்ளும் காலெடுத்து வைக்கவே தடை. சனிக்கிழமை மதியம் ஊரே மைதானத்துக்குக் கிளம்பும்போது, டிக்கெட் வாங்கிக்கொண்டு ஓர் ஓரமாக நின்று பார்க்கக்கூட அவருக்கு வழியில்லை. இந்த ஒரு வரிதான் என்னை ரொம்பவும் உறுத்துகிறது.

தான் குற்றமற்றவர் என்று வெஸ்ட் சொல்லிக்கொண்டே இருந்தார். உங்கள் மீது வழக்கும் போட்டார், 1917-இல் தோற்றார். சகவீரர்கள் தனக்குப் பந்தே தரவில்லை, அதனால்தான் சந்தேகம் வந்தது என்று அந்த வழக்கில் யுனைடெட் ஆட்டக்காரர் பில்லி மெரடித் சாட்சி சொன்னார். தீர்ப்பு தப்பு என்று நான் வாதாட வரவில்லை. அவரும் அதில் இருந்தார் என்றே வைத்துக்கொள்வோம்.

சரி, 1919-இல் என்ன ஆனது? போர்ப்பணியைக் கருதி மற்ற ஆறு பேரின் தடையையும் நீக்கினீர்கள். அராஸ் போர்முனையில் 1917 மே மாதம் உயிரைவிட்ட டர்ன்புல்லுக்கு, இறந்த பிறகு மன்னிப்பு. வேலி யுனைடெட்டுக்கே திரும்பினார். இதற்கெல்லாம் மூளையாக இருந்தவர் என்று விசாரணையில் தெரியவந்த ஜாக்கி ஷெல்டன் மறுபடி லிவர்பூல் சட்டை போட்டு ஆடினார். அவர்கள் மன்னிக்கப்பட்டதில் எனக்கு மனநிறைவுதான். ஆனால் ஒரே ஆட்டம், ஒரே குற்றம், ஒரே நாளில் ஒரே தண்டனை. ஏழில் ஒருவர் மட்டும் இன்னும் 26 ஆண்டுகள் வெளியே நின்றார், அதுவும் உங்களைக் கோர்ட்டுக்கு இழுத்தவர். அதற்காகத்தான் என்று என்னால் நிரூபிக்க முடியாது. ஆனால் பார்க்கிற யாருக்கும் அப்படித்தான் தோன்றும்.

வெஸ்ட் 1965-இல் காலமானார். அவர் நிரபராதி என்று அறிவிக்கும்படி நான் கேட்கவில்லை. மற்ற ஆறு பேருக்கும் தடை நீங்கிய 1919-லேயே ஈனாக் வெஸ்ட்டுக்கும் நீங்கியிருக்க வேண்டும் என்று உங்கள் பதிவேட்டில் எழுதி, எல்லாரும் பார்க்கும்படி வெளியிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு கால்பந்து ரசிகன்