ஜென்மப் பகையா, ஐயா?

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் 'உமா முசுமே' அனிமே பற்றிய கட்டுரையில் "ஜென்மப் பகையாளிகளான டோகாய் டெயோவும் மெஜிரோ மெக்லீனும்" என்று ஒரு வரி. அதற்கு மேல் காபி இறங்கவில்லை.

தங்களுக்குத் தெரியாததல்ல, அந்த அனிமேயில் பந்தயம் ஓடும் பெண்கள் நிஜமான ஜப்பானியப் பந்தயக் குதிரைகளின் பெயரையும் கதையையும் சுமப்பவர்கள். அந்த இரண்டு குதிரைகளும் ஒரே பந்தயத்தில் ஓடியது ஒரே ஒரு முறை. 1992, கியோட்டோ, வசந்தகால தென்னோ ஷோ, 3200 மீட்டர். மெக்வீன் முதல், டெயோ ஐந்தாவது. அதற்குள் ஜென்மப் பகையா? 2021இல் வந்த இரண்டாம் சீசனில் இருவரும் ஒரே அணி. கால் எலும்பு முறிந்து முறிந்து, ஓட்டமே வேண்டாம் என்று முடிவெடுத்த டெயோ, கடைசியில் காலில் நோய் வந்து முடங்கிய மெக்வீனுக்காகத்தான் அரிமா கினென் என்ற பெரிய பந்தயத்தில் ஓடுகிறாள். நிஜக் குதிரையும் 364 நாள் கழித்துத் திரும்பி வந்து 1993இல் அதே பந்தயத்தை ஜெயித்தது. பகையாளிக்காக எவள் ஓடுவாள்?

நானும் பள்ளியில் 800 மீட்டர் ஓடியவள். நான்கு வருடம் ஒருத்தியின் ரெட்டைப் பின்னலைப் பார்த்துக்கொண்டே இரண்டாவதாக வந்தேன். ஐந்தாம் வருடம் அவளுக்குக் கணுக்கால் பிசகியது. நான் முதல். கோப்பையோடு நேரே அவள் வீட்டுக்குப் போனேன், இரண்டு பேரும் உட்கார்ந்து அழுதோம். இன்றும் தீபாவளியன்று முதல் போன் அவளுடையதுதான்.

சரி, இது புதிதா என்ன? முன்பு அதே அனிமேயில் வரும் ரைஸ் ஷவரை 'வில்லி' என்று எழுதினீர்கள். சக ஓட்டக்காரி மிஹோனோ போர்போனின் மும்மகுடக் கனவையும் (ஒரே வருடத்தில் மூன்று பெரிய பந்தயங்களை ஜெயிப்பது), மறு வருடம் மெக்வீனின் மூன்றாவது தொடர் தென்னோ ஷோ வெற்றியையும் தடுத்தாள், அவ்வளவுதான். ஜெயித்ததற்காகத் திட்டு வாங்கிக் குமைகிறவள் வில்லியாம்! அப்போது நான் எழுதிய கடிதம் இன்னும் அச்சாகவில்லை. இரண்டு நடிகைகள் ஒரே மேடையில் நின்றால் 'பனிப்போர்' என்று தலைப்பு வைக்கிறீர்கள். இரண்டு கிரிக்கெட் வீரர்கள் முறைத்துக்கொண்டால் மட்டும் அது 'ஆரோக்கியமான போட்டி'.

பகை பற்றித் தாங்கள் மனம் மாற வேண்டாம். 'மெக்லீன்' அல்ல, 'மெக்வீன்' என்று ஒரு மூலையில் திருத்தம் போட்டால் போதும். இடமில்லை என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். போன வாரம் ரவா உப்புமாவுக்கு முழுப் பக்கம் தந்தவர் தாங்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகி,
திருச்சி