'நிலம்' என்று விரல் வைத்துக் காட்டினார்: கேரள ரெரா தலைவருக்கு ஒரு திறந்த மடல்

கேரள ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையத்தின் (ரெரா) தலைவர் அவர்களுக்கு, பாலக்காடு மாவட்டம் சித்தூர் தாலுகாவிலிருந்து வணக்கம்.

கோபாலபுரம் செக்போஸ்ட்டைத் தாண்டிக் கொழிஞ்சாம்பாறை ரோட்டில் வந்தால் தமிழில் ஒரு ஃபிளெக்ஸ் பலகை நிற்கிறது: 'வீட்டுமனை விற்பனைக்கு. பொள்ளாச்சி கூப்பிடு தூரம்.' அதைப் பார்த்துத்தான் பொள்ளாச்சியில் இருக்கும் என் அக்கா வீட்டுக்காரர் ஐந்து சென்டுக்கு ஒரு லட்சம் அட்வான்ஸ் கொடுத்தார். ரசீது என்று கையில் இருப்பது, விளம்பர நோட்டீஸின் பின்பக்கம் பேனாவில் கிறுக்கிய இரண்டு வரி.

"மாப்ள, மலையாளம் தெரியாட்டி என்ன? பத்திரத்துல 'நிலம்'னு போட்டிருக்கறதப் புரோக்கரு விரல் வச்சுப் படிச்சே காட்டுனாரு" என்றார் போனில். எனக்கு வயிற்றைக் கலக்கியது. தமிழில் எந்த மண்ணும் நிலம்தான். கேரள ரெவின்யூ ரெக்கார்டில் நிலம் என்றால் நெல்வயல். வீடு கட்டும் மண்ணுக்குப் புரையிடம் என்று பெயர். வேளாண்மை ஆபீஸான கிருஷி பவனில் விசாரித்தேன், நெல்வயல்களைப் பதிந்து வைக்கும் டேட்டா பேங்கிலும் அது வயலாகவே இருக்கிறது. 2008 நெல்வயல் சட்டப்படி அங்கே அனுமதியில்லாமல் ஒரு லோடு மண்கூடத் தட்ட முடியாது. இரண்டு மொழிக்கும் பொதுவான ஒரே சொல்லை வைத்துப் புரோக்கர் ஆளை மடக்கிவிட்டார். கெட்டிக்காரர்தான்.

அந்தப் புரோக்கரிடம் ரெரா பதிவு எண் கேட்டேன். "நம்மகிட்ட தமிழ்நாட்டு ரெரா நம்பரே இருக்குதுங்க" என்றார். எண்ணை மட்டும் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் பயனில்லை. 2016 ரியல் எஸ்டேட் சட்டத்தின் 9ஆம் பிரிவில் ஏஜென்ட் பதிவு அந்தந்த மாநிலத்துக்குத்தான். மனை இருப்பதோ கேரளத்தில். உங்கள் பட்டியலில் தேடிப் பார்த்தேன், ஏஜென்ட் பெயரும் இல்லை, மனைப்பிரிவும் இல்லை. 500 சதுர மீட்டருக்கு மேல் மனை பிரித்து விற்றால் பதிவு வேண்டும். அது பன்னிரண்டரை சென்ட்கூட வராது. இங்கே ஒன்றரை ஏக்கரில் 24 சைட்டுக்குக் கல் நட்டாயிற்று.

டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து பழைய வீடு ஒன்றைக் கைமாற்றிவிட்டுக் கமிஷன் வாங்குகிறவர்களை நான் சொல்லவில்லை. அவர்களிடம் சட்டமும் பதிவு கேட்கவில்லை.

62ஆம் பிரிவில் பதிவில்லாத ஏஜென்டுக்கு நாளுக்கு 10,000 ரூபாய் வீதம், மனை விலையில் 5 சதவீதம் வரை அபராதம் உண்டு. அதைப் போடுங்கள். அதற்கும் முன்னால், எல்லையோர வில்லேஜ் ஆபீஸ் வாசல்களில் தமிழில் ஒரு நோட்டீஸ் ஒட்டச் சொல்லுங்கள்: பத்திரத்தில் நிலம் என்றிருந்தால் அது வயல், கேரளப் பதிவு எண் பார்க்காமல் அட்வான்ஸ் கொடுக்காதீர்கள். இரண்டு வரி போதும்.

பலகையின் படம், ரசீது, சர்வே நம்பர் மூன்றையும் புகாரோடு அனுப்பியிருக்கிறேன். படம் எடுத்த அன்று பலகையில் 'இன்னும் 9 சைட் மட்டுமே' என்றிருந்தது. நேற்று 9ஐ அடித்து 6 என்று எழுதியிருக்கிறார்கள்.

இப்படிக்கு,
கொழிஞ்சாம்பாறை பக்கத்து விவசாயி ஒருவன்